கண்ணிழந்த நாளிற் பாடிய திருப்பதிகங்கள்

சுந்தரமூர்த்தி சுவாமிகள் திருவொற்றியூரின் எல்லையைக் கடந்த அளவிலே இருகண்ணொளியும் இழந்தார் என்பது சைவவுலகம் நன்கறிந்த வரலாறு. சங்கிலியாரைப் பிரியேன் என்று மகிழின்கீழ்ச் செய்த சூளுறவும், தென்றல் வரத் திருவாரூர் வசந்தவிழா நினைவில் எழுந்தமையும், சூள் பிழைத்து அடிபெயர்த்தமையும் சேக்கிழார் பெருமானால் ஏயர்கோன் கலிக்காம நாயனார் புராணத்துள் விரித்தோதப்பட்டன. யாம் ஈண்டு ஆராயப் புகுந்தது அவ்வரலாற்றை யன்று. அவ்விருளினூடே சுவாமிகள் அருளிச்செய்த பதிகங்களை நிகழ்ந்த முறையே வைத்து ஓதுங்கால் புலனாகும் ஒரு பொருளையே யாம்.

இவ்வாராய்ச்சிக்குத் தூண்டுகோலாயது ஒரு முதியவரின் வினா. எம்மூராகிய மண்ணூர்பேட்டை, திருவலிதாயம் விளங்கும் பாடிக்கு அயலது. வடதிருமுல்லைவாயிலுக்கும் அணித்தே யுள்ளது. 1964-ஆம் ஆண்டு அம்பத்தூர்த் தொழிற்பேட்டை எழுந்தபின் இப்பக்கமெல்லாம் பட்டறைகளும் ஆலைகளும் நிறைந்தன. அத்தகைய கடைசற் பட்டறை யொன்றில் நெடுங்காலம் உழைத்துப் பின்னர் நீரிழிவினாற் பார்வை குன்றிய அன்பரொருவர் எம் திருமுறைக் கூட்டத்துக்கு வருவதுண்டு. சொற்பொழிவாளர் ஒருவர் அவரை நோக்கி, "சுந்தரர் பொறுத்திருந்தார், நீரும் பொறுத்திரும்" என்று ஆறுதல் கூறினாராம். அம்முதியவர் எம்மிடத்து வந்து, "ஐயா, பொறுத்திருந்தவர் இத்தனை பாட்டா பாடுவார்?" என்று கேட்டார். கேள்வி எளியதுபோற் றோன்றினும் எமக்கு உடனே விடை கூற இயலவில்லை.

ஏழாந் திருமுறை பண்முறையால் வகுக்கப்பட்டுள்ளமையின் இப்பதிகங்கள் ஓரிடத்தே தொடர்ந்து கிடையா. ஒற்றியூர்ப் பதிகம் 54-ஆவது. முல்லைவாயிற் பதிகம் 69-ஆவது. திருவெண்பாக்கத்துப் பதிகம் 89-ஆவது. திருவாலங்காட்டுக்குரியதோ இவற்றுக்கெல்லாம் முன்னே 52-ஆவதாக நிற்கின்றது. ஏகம்பத்துக்குரியது 61, திருத்துருத்திக்குரியது 74, இறுதியிற் பாடிய திருவாரூர்ப் பதிகம் 95. பாராயணஞ் செய்வார்க்கு இவற்றின் தொடர்ச்சி புலப்படாமைக்கு இதுவே காரணம். சேக்கிழார் காட்டிய வழியிலே சென்றாலன்றி ஒரு துயரின் தொடக்கமும் வளர்ச்சியும் முடிவும் விளங்கா.

முதற்கண் ஒற்றியூர்ப் பதிகத்தை நோக்குவோம். அதிற் சுவாமிகள் தம் குற்றத்தை மறைத்திலர். பிழைசெய்தவனாயினும் நான் உன் அடிமையே என்பதொன்றனையே பற்றிக்கொண்டு பேசுகின்றார். கண்ணைக் கொள்வதுதான் முறையென்றால் ஊன்றிச் செல்ல ஒரு கோலாவது தருக என்று வேண்டுகின்றார். கண்ணைத் திரும்பத் தருக என்று வழக்கிடாது கோலளவிற் சுருங்கிய இவ்வேண்டுகோளை அன்பர்கள் உன்னுதல் வேண்டும். அன்றியும், வீட்டுப் பெண்டிரை ஏதேனும் ஒன்றன்பொருட்டு அழைத்தால் அவர்கள் குருடனென்று இகழ்ந்து ஒதுக்குவதைத் தாங்கேன் என்று அங்கே ஒரு விண்ணப்பம் வருகின்றது. கண்ணிழந்தான் ஒருவனுக்கு இருளினும் கொடியது இவ்விகழ்ச்சியே என்பதை எம் முதியவர் எமக்குச் சொல்லவேண்டியதாயிற்று. யாம் பன்முறை ஓதியும் அவ்விடத்தைக் கடந்தே போயிருந்தேம்.

சிலர் இக்கண்ணிழப்பை முழுதும் உருவகமாக்கி, கண்ணென்பது ஞானமென்றும் இருளென்பது ஆணவமென்றும் உரைத்து அமைவர். ஆணவமலத்தைக் கண்ணை மறைக்கும் படலத்தோடும் இருளோடும் ஒப்பித்தல் நம் சாத்திரங்களில் உளதே. கண்ணுக்கு உயிர் காட்டியுங் கண்டும் உதவுமாறுபோல உயிர்க்கு இறைவன் உதவுவான் என்பது சிவஞானபோதப் பதினோராஞ் சூத்திரக் கருத்தாதலும் அறிவேம். ஆயினும் வீட்டிலுள்ளார் இகழ்ந்த ஏச்சு உருவகத்துள் அடங்குமோ? ஊனக்கண்ணின் துயர் துயரே. அதனை அத்துணை விரைவில் தத்துவமாக்கிவிடுதல், துயருழப்பவன் வாயை மென்மையாக மூடுதலை ஒக்கும் என்பது எம் கருத்து.

இனி முல்லைவாயில். உன் திருவடியே செல்வமெனக் கருதி எவரையும் மதியாது தருக்கித் திரிந்தேன் என்று சுவாமிகள் இங்கே தொடங்குகின்றார். துயர்களையுமாறு பாட்டுத்தோறும் இரக்கின்றார். எனினும் எம்மை வியப்பித்தது பிறிதொன்று. இருகண்ணும் இருண்டிருந்த இந்நாளிற்றான் முல்லைவாயிலின் வயல்வளம் இத்துணை நுணுக்கமாகப் பாடப்பட்டுள்ளது. வயலின் புதுமணம் வருகின்றது. வண்டின் இசை கேட்கின்றது. தாமரையைப் படுக்கையாக்கி உறங்கிய நண்டு எழுந்து உலாவுகின்றது. பாலியாறு சந்தனமும் அகிலும் மயிற்பீலியும் யானைக்கோடும் முத்தும் பவளமும் சுமந்து வருகின்றது. மணமும் ஓசையும் முன்னிற்பது இயல்பே. நண்டின் அசைவைக் கண்டது எக்கண்? முன்பு கண்டிருந்த மருதநிலமெல்லாம் அகத்தே ஒளிகுன்றாதிருந்தது என்றே கொள்ளல் வேண்டும். துயர் அவரைத் தம்முள்ளேயே சுருண்டுகிடக்க விடவில்லை.

அப்பதிகத்திலேயே தொண்டைமான் செய்தியும் வருகின்றது. அரசன் ஊர்ந்த களிற்றை முல்லைக்கொடி சூழ்ந்து தடுத்ததும், அத்தடையே இறைவன் வெளிப்படுதற்கு வாயிலாயதும் தலவரலாறு. வழியிலே தடைப்பட்டு நிற்கும் ஒருவர், தடையினாற் பேறுற்ற ஒருவனை நினைக்கின்றார். ஆனால் அத்தகைய பேறு தமக்கு அங்கே வாய்க்கவில்லை. முல்லைவாயிலிற் கண்ணுங் கிடைத்திலது, கோலுங் கிடைத்திலது. அவர் மேற்சென்றார். உரையாளர்கள் பெரும்பாலும் பேசாது விடும் இவ்வெறுங்கையோடு சென்ற செலவினையே யாம் மிகப் பெரிதாக மதிக்கின்றேம்.

திருவெண்பாக்கத்தில் அவர் துயர் கடையெல்லையை எய்துகின்றது. பிழையைப் பொறுப்பீர் என்னும் உரிமையாற் பிழைத்தேன். நீரோ கண்ணிற் படலத்தை இட்டு மறைப்பித்தீர் என்கின்றார். அங்குக் கேட்பது கண்ணன்று, கோலுமன்று; இக்கோயிலில் நீர் இருக்கின்றீரோ என்னும் ஒரே வினா. அடியாரெல்லாம் கடைநாளிற் கேட்கும் கேள்வி இதுவே போலும். யாம் உள்ளேம், நீர் செல்லும் என்று விடை வருகின்றது. தோழராகிய சுவாமிகளை நோக்கி, அயலாரைப் பேசும் மரியாதைப் பன்மையில் வந்த விடை! கேட்பார்க்கு அது கடுமையாகவே தோன்றும். சுவாமிகள் வெகுண்டு கோலை வீச நந்தியின் கொம்பு ஒடிந்தது என்னுந் தலவழக்கும் இக்கடுமையை உணர்ந்தோர் கூறியதே யாகும். ஆயினும் அவ்விடையை ஊன்றி நோக்குமின். உளன் என்னும் உறுதி ஒருபாதி. நடவென்னும் ஏவல் மறுபாதி. இரண்டிற்கும் நடுவே, ஒற்றியூரிற் கேட்டிருந்த கோல் கையில் வந்து சேர்ந்தது. இருளை நீக்காது இருளில் நடத்தற்குத் துணைதந்த இவ்வருளை மறக்கருணையென்று கூறி விடுதலினும் திரோதானத்தின்பாற் படுத்து ஆராய்தல் பொருந்தும்; மறைத்தலும் ஐந்தொழிலுள் ஒன்றன்றோ?

(பழைய வெண்பாக்கத்துக் கோயில் நின்ற நிலம் இன்று நீருள் மூழ்கியது. 1944-இற் கட்டி முடிந்த பூண்டி நீர்த்தேக்கத்தின்பொருட்டுக் கோயில் வேறிடத்துக்குக் கொண்டுவரப்பட்டு, ஊன்றீசர் அங்கே எழுந்தருளியிருக்கின்றார். கோல் பெற்ற இடத்து நீரைச் சென்னைமக்கள் பருகிவருகின்றனர்.)

பழையனூர்ப் பக்கத்துநின்று ஆலங்காட்டை வணங்கிய பின்னர்க் காஞ்சியிலே இடக்கண் ஒளி பெற்றது. ஏகம்பத்துப் பதிகம் முழுதும், காண்டற்குக் கண் பெற்றேனே என்னும் வியப்பு ஒன்றே. துருத்தியில் உடற்பிணி நீங்கிற்று.

திருவாரூர்ப் பதிகமே ஆராய்வார்க்கு இடர்விளைப்பது. ஒற்றியூரிற் பிழையை ஒப்புக்கொண்டவர் இங்கே குற்றமொன்றும் செய்திலேன் என்கின்றார். பழி உம்முடையதே என்கின்றார். மற்றைக் கண்ணைத் தாராவிடின் நீரே இனிது வாழும் என்று பாட்டுத்தோறும் கசந்து முடிக்கின்றார். முன்னுக்குப் பின் முரணன்றோ எனின், அன்று. சூள் பிழைத்த குற்றத்துக்குரிய துன்பம் ஒற்றியூர் முதல் ஆரூர்வரை நுகர்ந்து கழிக்கப்பட்டது. கழிந்த கடனுக்கு மீட்டும் வட்டி கேட்டலாகாது என்பதே அவர் வழக்கு. ஒற்றியென்னுஞ் சொல்லை அடகுப்பொருட்கும் ஊர்க்கும் பொதுவாக வைத்து, தாம் அடகுப்பொருளல்லர், விற்றற்குரிய முழுவடிமை என்று சுவாமிகள் உரைப்பதும் வழக்காடுவார் மொழியே. திருவெண்ணெய்நல்லூரில் ஓலை காட்டி வழக்காடியே ஆட்கொள்ளப்பட்டவர் அவர். வன்றொண்டர் என்னும் பெயரும் அதனால் வந்தது. வழக்காடுதல் அவ்வுறவின் தாய்மொழி. மடியை முட்டும் கன்றுக்குப் பசு சுரத்தலை எடுத்துக்காட்டி, கண்காணாத அடியார் குன்றில் முட்டிக் குழியில் வீழ்தல் தகுமோ என்று அவர் வினவும் பாட்டிற் கேலியும் கண்ணீரும் பிரிக்கலாகாவாறு கலந்துள்ளன.

இவ்வளவும் ஒருங்கு நோக்குவார்க்கு ஒன்று தெளிவாகும். முழுவிருளில் நின்றபோது சுவாமிகள் வழக்கிடவில்லை, கோலளவே கேட்டார். கோல் கைக்கு வந்தபின் நடந்தார். ஒருகண் வந்தபின்னரே மறுகண்ணுக்கு உரிமையோடு வாதாடினார். மனவலிமை அவர்க்கு ஒருங்கே வந்ததன்று. ஊர்தோறும் சிறிது சிறிதாகத் திரும்பியது. சொற்பொழிவாளர் கூறிய பொறுமை, வாயடங்கிக் கிடத்தலாயின், இப்பதிகங்களில் யாண்டும் இல்லை. எந்நிலையிலும் முகத்தைத் திருப்பிக்கொள்ளாது அவனோடேயே பேசிக்கொண்டு நடந்ததே உண்டு. அதனைப் பொறுமையெனப் பெயரிடினும் எமக்கு மறுப்பில்லை.

இதனை அம்முதியவர்க்குப் படித்துக் காட்டினேம். ஆரூர்ப் பதிகம் பற்றி யாம் கூறியதை அவர் அவ்வளவாக ஏற்றிலர். "முதியோன் கண் போனால் யாருடன் ஐயா வழக்காடுவது?" என்றார். பின்னர், வெண்பாக்கத்துப் பதிகத்தை மட்டும் இன்னொருமுறை ஓதுமாறு பணித்து, விடை வருமிடத்தே கையமர்த்தி நிறுத்தினார். சிறிதுபோது சென்று, "மேலே ஓதும்" என்றார்.