மணிமேகலையில் கற்பனைக் கட்டடங்கள்

பண்டைப் புலவர் பாட்டில் எழுப்பிய மாடங்கள் இருவகையின. உலகத்துக் கண்டதை உரைப்பன ஒருவகை. உலகத்து இல்லாததைக் கண்டது போல உரைப்பன மற்றொரு வகை. நெடுநல்வாடையில் வரும் அரண்மனை முதல்வகையைச் சார்ந்தது. இரு கோல் நட்டு, அவற்றின் நிழல் கொண்டு திசை தேர்ந்து, நூல் பிடித்து மனை வகுக்கும் முறையை நக்கீரர் ஆண்டுக் காட்டுகின்றார். மணிமேகலையிற் காணும் கட்டடங்களோ பெரும்பாலும் இரண்டாம் வகையின. இவற்றை உயர்வு நவிற்சி என்று ஒதுக்குவாரும் உளர். வரலாற்றுச் சான்று என்று அப்படியே கொள்வாரும் உளர். இவ்விரு முடிபும் நிறைவுடையன அல்ல. சாத்தனாரின் கற்பனைக் கட்டடங்கட்குத் தமக்கென ஓர் ஒழுங்கு உண்டு. அதனை ஈண்டு ஆராய்வாம்.

முதற்கண் உவவனத்துப் பளிக்கறையை நோக்குவோம். அகத்திருப்பார் உருவம் புறத்தே தோன்றும்; அவர்தம் குரல் புறத்தே கேளாது. உதயகுமரன் அதன் சுவரைத் தடவி வாயில் காணாது மயங்குகின்றான். இஃது வெறும் அணிநலம் அன்று. உருவை மட்டும் விழைந்து வந்தவனுக்கு உருவை மட்டும் காட்டி, உள்ளத்தின் மொழியை மறைக்கின்றது அவ்வறை. கட்டடத்தின் இயல்பே கதையின் கருத்தாய் அமைந்தமை காண்க.

அடுத்து, வேந்தனின் பொழிலில் அமைந்த மண்டபம். மகத வினைஞரும், மராட்டக் கம்மரும், அவந்திக் கொல்லரும், யவனத் தச்சரும் தமிழ் வினைஞரொடு கூடி அதனை இயற்றினர் என்பர் சாத்தனார். பவளத்தால் ஆகிய தூணும், மணிகள் பதித்த போதிகையும் அதன் உறுப்புகள். தூணும் போதிகையும் தச்சர் அறிந்த உறுப்புகளே. பவளமும் மணியுமே புலவர் மிகுத்தவை. அறிந்த வடிவில் அரும்பொருளைப் பெய்வதே இக்கற்பனையின் முதல் நெறி எனலாம். வடிவம் மெய்யாதலின் பொருளையும் படிப்போர் நம்புகின்றனர்.

வினைஞர் பட்டியல் மட்டும் மிகையன்று என எண்ண இடமுண்டு. காப்பியம் முடியும் காஞ்சியின் பெயரால் அமைந்த மாவட்டத்தில் உள்ளது வல்லக்கோட்டை. அம்மாவட்டத்து இருங்காட்டுக்கோட்டையில் 1998 முதல் கொரிய நாட்டார் நிறுவிய ஊர்தித் தொழிற்சாலை இயங்குகின்றது. ஒரகடத்தில் பிரெஞ்சு, சப்பானிய நிறுவனங்களின் கூட்டுத் தொழிற்சாலை 2010இல் தொடங்கப்பெற்றது. வடபுலத்து வினைஞரும் பிறநாட்டுப் பொறியாளரும் தமிழ் வினைஞரொடு கூடிப் பணிசெய்யும் காட்சியை ஆங்கு இன்றும் காணலாம். தொழிற்பெயர்களும் நாட்டுப்பெயர்களும் மாறின. கூட்டு முயற்சி மாறவில்லை.

இனி, காப்பியத்தின் தலைசிறந்த கற்பனைக் கட்டடமாகிய சக்கரவாளக் கோட்டத்திற்கு வருவோம். ஊரார் அதனைச் சுடுகாட்டுக் கோட்டம் என்றே வழங்குவர். சுதமதி இப்பெயர் வேற்றுமைக்குக் காரணம் வினவ, மணிமேகலா தெய்வம் விடை கூறுகின்றது. சார்ங்கலன் என்னும் சிறுவன் சுடுகாட்டில் அஞ்சி உயிர் நீத்தான். அவன் தாய் கோதமை தன் உயிரைக் கொண்டு மகனுயிரைத் தருமாறு சம்பாபதியை வேண்டினாள். பேரண்டத்துத் தேவர் அனைவரையும் சம்பாபதி வருவித்து, இறந்த உயிரை மீட்க வல்லார் ஒருவரும் இலர் என அவர் வாயிலாகவே உணர்த்தினாள். அந்நிகழ்ச்சியின் அடையாளமாக, நடுவே மேருவும், சூழ ஏழு மலையும், நாற்பெருந் தீவும், ஈராயிரம் சிறு தீவும் தோன்ற மயன் அண்டத்தின் வடிவை ஆங்கு அமைத்தான்.

அவன் அதனை அமைத்தது மண்ணால் என்பது பெரிதும் நோக்கத்தக்கது. வேந்தன் இன்புறும் மண்டபத்துக்குப் பவளமும் மணியும். அண்டம் முழுவதற்கும் மண். அருகே நிற்பனவும் மாய்ந்தோர்க்கு எழுப்பிய சுடுமண் கோட்டங்களே. தாயொருத்தியின் துயர்க்கு அண்டம் முழுவதிலும் மருந்தில்லை என்னும் உண்மையைச் சொல்ல வந்த கட்டடம் வேறு எப்பொருளால் அமைதல் கூடும்? சாத்தனாரின் கற்பனை மிகையை விரும்புவது போலத் தோன்றினும், வேண்டுமிடத்து எளிமையைத் தேர்கின்றது. உயர்வு நவிற்சி என்னும் ஒரு பெயரால் இதனை அடக்கல் இயலாது.

அக்கோட்டத்தின் நான்கு வாயில்களும் இவ்வாறே பொருள் பொதிந்தவை. வானவூர்தி எழுதிய வாயில் ஒன்று. நெல்லும் கரும்பும் நீர்நிலையும் பொழிலும் எழுதியது ஒன்று. ஓவியம் எதுவும் இன்றி வெண்சுதை மட்டும் பூசியது ஒன்று. பாசமும் சூலமும் ஏந்திய பூதம் நிற்பது ஒன்று. வானுலகும், மண்ணுலகும், வெறுமையும், அச்சமும் என இவற்றைக் கொள்ளலாம். எவ்வாயில் வழிப் புகினும் சென்று சேரும் இடம் ஒன்றே.

வல்லக்கோட்டையின் பெயரும் இத்தகைய பெயராராய்ச்சிக்கு இடந்தருவது. வல்லன் என்னும் அசுரனால் ஊர் அப்பெயர் பெற்றது எனத் தலவரலாறு கூறும். திருப்புகழோ அத்தலத்தைக் கோடைநகர் என வழங்கும். மக்கள் வழக்கு ஒன்றாகவும், புலவர் வழக்கு மற்றொன்றாகவும் நிற்றல் தமிழகத்துக்குப் புதிதன்று. சுடுகாட்டுக் கோட்டம் என்ற ஊரார் பிணத்தைக் கண்டனர். சக்கரவாளம் என்ற தெய்வம் அதனுள் அண்டத்தைக் கண்டது. இரண்டும் மெய்யே. இரண்டையும் ஒருங்கே காணச் செய்தலே புலவர் கருத்து.

இறுதியாக ஒன்று. அம்மணி மண்டபத்தில் வீற்றிருந்த வேந்தனை வேண்டியே மணிமேகலை சிறைக்கோட்டத்தை அறக்கோட்டம் ஆக்குகின்றாள். அதற்கு மயனும் வேண்டப்படவில்லை. யவனத் தச்சரும் வேண்டப்படவில்லை. சுவர் அதுவே, கூரை அதுவே. உள்ளே நிகழும் செயல் மாறியது, பெயரும் மாறியது. பளிங்கும் பவளமும் மண்ணும் கொண்டு கட்டிக் காட்டிய புலவர், அறத்தினால் ஆகும் இக்கட்டடத்தையே அவற்றின் முடியாக வைத்தார் எனல் பொருந்தும்.