கடல் கொண்டது கண்டத்தையா?

பூமியைப் பாயாகச் சுருட்டிக்கொண்டு கடலில் ஒளிந்தான் இரணியாட்சன் என்று புராணீகர் அளந்தபோது, "எங்கே நின்றுகொண்டு சுருட்டினான்?" என்று கேட்டவர்கள் நாம். அதே வாயால், மனிதன் வாழ்ந்த காலத்திலேயே ஒரு பெருங்கண்டம் இந்துமாக்கடலில் மூழ்கிற்று என்று மேடைதோறும் முழங்கலாமா? பன்மொழிப் புலவர் கா. அப்பாத்துரையாரின் குமரிக்கண்டம் (1941) நூலை மீண்டும் படித்தபோது எழுந்த வினா இது.

தமிழனின் தொன்மையைப் பிறர் இகழ்ந்த நாளில் அந்நூல் தந்த நிமிர்வு பெரிது. அதன் அடித்தளமோ ஆட்டங்கண்டது. 1864-இல் லெமூரியா என்று பெயரிட்ட ஸ்கிளேட்டர், மடகாஸ்கரின் லெமூர் விலங்குக்கு உறவினம் இந்தியாவில் இருப்பதேன் என விளக்கவே அந்நிலத்தைக் கற்பித்தார். தமிழனை அவர் நினைக்கவுமில்லை. பின்னர் அதில் ஆதிமனிதரைக் குடியேற்றியவர்களுள் ஒருவர் பிரமஞான சபையின் பிளாவட்ஸ்கி அம்மையார்! ஞானதிருஷ்டியை எள்ளி நகையாடும் நாம், அந்தத் திருஷ்டி கண்ட நிலத்துக்குப் பட்டா கேட்பது வேடிக்கையன்றோ?

1960-களில் உறுதிப்பட்ட நிலத்தட்டுக் கொள்கை சொல்வது வேறு. புவியின் மேலோடு பல தட்டுகளாகப் பிளவுண்டு ஊர்கிறது. ஏறத்தாழ 9 கோடி ஆண்டுகளுக்கு முன் மடகாஸ்கரைப் பிரிந்த இந்தியா, வடக்கே விரைந்து, 5 கோடி ஆண்டுகளுக்கு முன் ஆசியாவோடு மோதிற்று, இமயம் எழுந்தது. இராயக்கோட்டைக் குன்றைப் பாருங்கள். 1791-இல் திப்புவிடமிருந்து ஆங்கிலேயர் பறித்த கோட்டை அதன் தலையில் நேற்று வைத்த தொப்பி. அந்த வட்டாரப் பாறைக்கு வயது ஏறத்தாழ 250 கோடி ஆண்டு! ஒத்த வயதுடைய பாறை மடகாஸ்கரிலும் உண்டு. இடையே நிலம் மூழ்கவில்லை. ஒட்டியிருந்த நிலமே விலகிற்று. கண்டப்பாறை இலேசானது, கடலடிப்பாறை கனமானது. மிதக்கும் கட்டை தானாக அடியில் போய்ப் படுக்குமா? தமிழும் தெலுங்கும் கன்னடமும் ஒலிக்கும் அவ்வூர்ப் பாறை, எம்மொழியும் பிறவாத காலத்தது என்பதையும் மறவற்க.

அங்ஙனமாயின் உரையாசிரியர்கள் குறித்த கடல்கோள் வெறும் பொய்யா? ஆத்திரம் வேண்டா. 20,000 ஆண்டுகளுக்கு முன் கடல் மட்டம் ஏறத்தாழ 120 மீட்டர் தாழ்ந்திருந்தது. ஈழமும் தமிழகமும் ஒரே நிலம். பனி உருக உருகக் கடல் கரையைத் தின்றது. 2004 டிசம்பர் 26 அன்று சுமத்திராவருகே தட்டொன்று மற்றொன்றின் அடியில் நழுவியபோது நாகைக் கரை பட்ட பாட்டைக் கண்ணாரக் கண்டோம். கரை இழந்த நினைவு தலைமுறைகளின் நாவில் வளர்ந்து கண்டமாகியிருக்கலாம்.

நூலைப் பூட்டிவைக்கச் சொல்லவில்லை. அடுத்த பதிப்பை வெளியிடுவோர், 1941-க்குப் பின் கடலடியில் கண்டறியப்பட்டவற்றை முன்னுரையாகச் சேர்க்கட்டும். கீழடியில் மண்ணைச் சுரண்டிச் சுரண்டிச் சான்று தேடும் இளைஞன் அதைப் படித்தபின் நூலுக்குள் நுழையட்டும்.