பெரிய கேக்கும் சீனிப் பதுமையும்

விருந்தென்றால் இலையில் என்ன பரிமாறினர் என்று கேட்போருண்டு. இலைமுன் யாரை அமர்த்தினர் என்று கேட்போருமுண்டு. நாம் பின்னவர் கூட்டத்தைச் சேர்ந்தவர்கள். ஆதலால், ஆங்கில ஆசிரியர் ஜே. ஆர். ஆர். டோல்கியன் 1967-ம் ஆண்டில் வெளியிட்ட ‘ஸ்மித் ஆப் வூட்டன் மேஜர்’ என்னும் சிறு கதையைக் கையிலெடுத்தபோது, அதன் நடுநாயகமாய் விளங்கும் பெரிய கேக்கின் சுவையைக் காட்டிலும், அதனைச் செய்தவன் யார், உண்டவர் யார் என்பனவே நம் கருத்தை முதலில் ஈர்த்தன.

இக்கதை பிறந்த விதம் ஒரு வேடிக்கை. ஜார்ஜ் மாக்டோனால்டு என்பாரின் ‘கோல்டன் கீ’ என்ற பழைய கதைக்கு முன்னுரை எழுதித் தருமாறு அமெரிக்கப் பதிப்பகத்தார் ஒருவர் ஆசிரியரைக் கேட்டனர். மாயவுலகு என்பது யாதென விளக்கப் புகுந்தவர், கேக் செய்யும் சமையற்காரன் ஒருவனை உவமையாக எடுத்துக்கொண்டார். உவமை வளர்ந்து கதையாயிற்று; முன்னுரை நின்றுபோயிற்று. வாசகர்களுக்கு இதனால் நட்டமில்லை.

வூட்டன் மேஜர் கைத்தொழிலிற் பெயர்பெற்ற ஒரு கற்பனைச் சிற்றூர். ஊர்ச்சபைக்குச் சொந்தமாகப் பெரிய மடைப்பள்ளியும், அதற்கொரு தலைமைச் சமையற்காரனும் உண்டு. குளிர்காலத்தில் 24 ஆண்டுகளுக்கொரு முறை ‘நல்ல குழந்தைகளின் விருந்து’ நடைபெறும். அழைக்கப்படுவோர் 24 குழந்தைகள். ஆளுக்கு ஒரு துண்டு. மறு துண்டு கிடையாது. தன் காலத்தில் இரண்டாம் கேக்கைச் செய்யும் பேறு சமையற்காரருள் அரியவர்க்கே வாய்க்கும். அந்த ஒரு பண்டத்தைக் கொண்டே அவன் பெயர் நிற்கும், அல்லது கெடும்.

‘நல்ல குழந்தைகள்’ என்று தீர்மானிப்பவர் எவர்? தகுதியுடையார் சிலர் விடுபட்டும், தகுதியில்லார் சிலர் தவறி அழைக்கப்பட்டும் இருக்கலாமென்று ஆசிரியரே ஒப்புகிறார். ஆனால் உலகியற்கை அதுவென்று ஒரே வாக்கியத்தில் சொல்லிக் கடந்துவிடுகிறார். கோயில் வாயிலிலும் பந்தி வாயிலிலும் நின்று பழகிய நம்மவர்க்கு அந்த வாக்கியம் எளிதில் தொண்டைக்குள் இறங்காது. விடுபட்ட குழந்தை ஒன்றின் முகத்தையேனும் ஆசிரியர் காட்டியிருக்கலாம்.

சமையற்காரன் தெரிவு செய்யப்படும் பகுதியோ மிகச் செவ்வையாக அமைந்துள்ளது. பழைய சமையற்காரன் வெளியூர் சென்று திரும்புகையில் ஆல்பு என்னும் சிறுவனைத் தொழில் பழக அழைத்து வருகிறான். பின்னர் ஒருநாள் ஊரைவிட்டே நீங்குகிறான். வேலை தெரிந்தவன் ஆல்பு. எனினும் அவன் இளையவன்; அவ்வூரிற் பிறந்தவனும் அல்லன். ஆகவே பதவி நோக்ஸ் என்னும் உள்ளூரானுக்குப் போகிறது. நோக்சோ ஆல்பின் கையைக் கடைக்கண்ணாற் பார்த்துப் பார்த்தே காலந்தள்ளுகிறான். தெரிந்தவன் கீழே நின்று செய்ய, தெரியாதவன் மேலே அமர்ந்து கையொப்பமிடும் காட்சி, தோட்டத்து ஆபீசிலும் பட்டணத்துக் கம்பெனியிலும் உழைப்போர்க்குப் புதிதன்று.

நோக்ஸ் தன் கேக்கின்மேல் வெண்சீனி பூசி, உச்சியில் மாயவுலக அரசியென ஒரு சிறு பதுமையை நிறுத்துகிறான். உள்ளே சின்னஞ்சிறு பொருள்களைப் புதைக்கிறான். கிறிஸ்துமஸ் புட்டிங்கில் வெள்ளிக்காசு இடும் ஆங்கிலேயர் வழக்கம் இங்கே நினைவுக்கு வரும். பழைய மசாலைப் பெட்டியிற் கிடந்த கறுத்த விண்மீன் ஒன்றும் அவற்றோடு சேர்கிறது. அது மாயவுலகினின்று வந்ததென ஆல்பு சொல்ல, நோக்ஸ் நகைக்கிறான்.

மூடநம்பிக்கையை எதிர்க்கும் நாம் இவ்விடத்தில் யார் பக்கம்? நோக்சின் பக்கமே என்று சில அன்பர்கள் சொல்லக்கூடும். நாம் அவ்வாறு எண்ணவில்லை. பகுத்தறிவாளன் ஆராய்ந்து மறுப்பான். நோக்ஸ் எதையும் ஆராய்ந்தவனல்லன். தான் நம்பாததையே சீனியிற் செய்து பிள்ளைகளுக்கு ஊட்டுகிறான். பிள்ளைகளுக்கு இது போதும் என்பது அவன் கொள்கை. நம்முடைய சிறுவர் நூல்களிற் பல இந்தக் கொள்கையில் பிறந்தவையே என்று அஞ்சுகிறோம். மாயவுலக அரசியோ, பின்னாளில் அந்தப் பதுமையை நினைத்து நாணும் கொல்லனிடம், யாதொரு நினைவுமின்றிப் போவதினும் அதுவாவது இருந்ததே என்னும் கருத்துப்பட இரங்கிப் பேசுகிறாள். கதையில் நாம் இருமுறை படித்த இடம் இதுவே.

அந்தக் கொல்லனே விண்மீனை அறியாமல் விழுங்கிய குழந்தை. பத்தாம் பிறந்தநாளில் அது அவன் நெற்றியில் ஒளிர்கிறது. வளர்ந்தபின் அவன் மாயவுலகில் உலவி வருகிறான். ஊரிலோ அடுப்புக்கும் கதவுக்கும் வேண்டிய இரும்புப் பொருள்களை உறுதியாகவும் அழகாகவும் செய்து தருகிறான். ஐம்பத்தேழாம் வயதில் விண்மீனைத் திருப்பித் தரவேண்டிய வேளை வருகிறது. அடுத்துப் பெறத்தக்கவனாக அவன் சுட்டுவது தன் குலத்துப் பிள்ளையையன்று, நோக்சின் கொள்ளுப்பேரனை! பிறப்புரிமையை இவ்வளவு அமைதியாக அகற்றிய ஆசிரியரைப் பாராட்டுகிறோம். ஆயினும் இந்தக் கொல்லனே பழைய சமையற்காரனின் மகள் வயிற்றுப் பேரன் என்பதையும் நாம் மறைப்பதற்கில்லை.

நம்முடைய பெருங்குறை வேறு. முடிவில் ஆல்பு மாயவுலகின் மன்னனே என்று தெரியவருகிறது. வந்தேறி என்று ஒதுக்கப்பட்டவனுக்குப் பெருமை உண்டாக்க ஆசிரியர்க்கு ஒரு மணிமுடி வேண்டியிருந்தது போலும்! வெறும் சமையற்காரனாகவே அவன் இறுதிவரை நின்றிருந்தால், ஊராரின் பிழை இன்னும் கூர்மையாய்த் தைத்திருக்கும். அரசனை அறியாது இகழ்ந்தோம் என்று வருந்துவது எளிது. அரசனல்லாதவனை இகழ்ந்தோம் என்று வருந்துவதே அரிது.

இக்குறையை ஓரளவு ஈடுசெய்வது கதையின் கடைசிப் பக்கம். ஒன்றன்று, இரண்டு பெரிய கேக்குகளைச் செய்தளித்த ஆல்பு, பொறுப்பை வேறொருவனிடம் ஒப்புவித்துவிட்டு ஊரை நீங்குகிறான். கிழவன் நோக்ஸ் அவனை எக்காலத்தும் பிடித்ததில்லையென்று சொல்லி, போய்த் தொலைந்தானென மகிழ்கிறான்.