துப்பாக்கி துடைத்தல்

வேளாங்கண்ணியின் உப்புக் காற்றில் எஃகு துருவேறாமல் ஒரு மழைக்காலத்தைக் கடப்பதே துர்லபமாதலால், 1972-ஆம் வருஷத்து வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்துக்கு முன் வயல்களில் உள்ளான் வேட்டையாடிய மிராசுதார்களுக்கு, சுடுவதைக் காட்டிலும் துப்பாக்கியைத் துடைப்பதே நித்திய கர்மமாக இருந்திருக்க வேண்டும். இரட்டைக் குழலுக்குக் கழியும் துணியும் போதும். ஜான் பிரௌனிங் வடிவமைத்து, 1902 முதல் பெல்ஜியத்தில் உற்பத்தியான தானியங்கித் துப்பாக்கியிலோ, வெடித்த வேகத்தில் குழலே பின்வாங்கிச் சுருள்வில்லின் விசையால் மீண்டும் முன்னேறுவதால், அவ்வில் சூழ்ந்த தோட்டாக் குழாயில் எண்ணெய் மிகுந்தால் உராய்வு வளையம் வழுக்கி, உதை தோளில் உக்கிரமாக விழும். தடவிய எண்ணெயைத் துடைத்தெடுக்கும் லோபித்தனமே இக்கலையின் சூட்சுமம் என்பேன். உரிமத்தோடு வைத்திருப்போர், உள்ளே தோட்டா இல்லையென்று கண்ணாலும் விரலாலும் நிச்சயித்த பின்னரே துணியைத் தொடுவார்களாக.