மகாலும் பேராலயமும்: கைடு காட்டுவதும் காட்டாமல் விடுவதும்

ராயப்பன்பட்டியிலிருந்து மதுரைக்கு ஒருநாள் சுற்றுலா என்றால், பார்க்கும் இடங்களின் பட்டியல் பெரும்பாலும் மாறுவதில்லை. சின்னமனூர், தேனி, உசிலம்பட்டி வழியாக வேன் போய்ச் சேர்ந்ததும் மீனாட்சியம்மன் கோயில், பிறகு திருமலை நாயக்கர் மகால், நேரம் இருந்தால் காந்தி அருங்காட்சியகம். போகிறவர்கள் பங்கு மக்களாகவோ மிஷன் பள்ளிப் பிள்ளைகளாகவோ இருந்தால், கீழவெளி வீதியில் உள்ள தூய மரியன்னை பேராலயமும் சேர்ந்துகொள்ளும். மகாலில் கைடு ஒருவர் கூடவே வந்து கதை சொல்வார். பேராலயத்தில் பெரும்பாலும் சொல்ல ஆள் இருக்காது. ஒரு ஜெபம், ஒரு குரூப் போட்டோ, அதோடு கிளம்பிவிடுவார்கள்.

அரண்மனையையும் ஆலயத்தையும் வழிகாட்டி துணையோடு பார்க்கும் இந்த வழக்கம் நமக்கு எதைத் தருகிறது, எதைத் தராமல் விடுகிறது என்பதை நிதானமாக எடைபோட வேண்டும். என் முடிவை முதலிலேயே சொல்லிவிடுகிறேன். வழிகாட்டி கட்டாயம் வேண்டும். ஆனால் இன்றைய வழிகாட்டல் கட்டடத்தைக் காட்டுகிறதே தவிர, அந்தக் கட்டடத்துக்கும் பார்க்க வந்தவருக்கும் உள்ள உறவைக் காட்டுவதில்லை. மற்றக் குறைகள் எல்லாம் இதிலிருந்துதான் கிளைக்கின்றன.

முதலில் நிறைகள். மகால் 1636-ல் எழுந்தது. துணைக்கு யாருமின்றி உள்ளே நுழைபவர் பார்ப்பது பருத்த தூண்கள், புறாக்கள், கைக்கு எட்டும் உயரம் வரை கீறிவைத்த பெயர்கள். பத்து நிமிடத்தில் வெளியே வந்துவிடலாம். கைடு செய்யும் முதல் வேலை, கண்ணைத் திருப்புவது. சொர்க்க விலாசம் என்ற பகுதியின் நடுவே நிறுத்தி, "மேலே பாருங்க" என்பார். உத்தரமோ இரும்புச் சட்டமோ தாங்காமல், செங்கல்லும் சுண்ணாம்புச் சாந்துமாக அந்தக் குவிமாடம் நிற்பது அப்போதுதான் உறைக்கும். தூண்களின் பளபளப்பு முட்டை வெள்ளைக்கரு கலந்த சுண்ணாம்புப் பூச்சால் வந்தது என்று அவர் சொன்னதும், கூட்டத்தில் இருக்கும் கொத்தனாருக்கு முகம் மலரும். அவர் கேட்கும் கேள்விக்கு அறிவிப்புப் பலகையால் பதில் சொல்ல முடியாது. காதில் மாட்டிக்கொள்ளும் ஒலிப்பதிவாலும் முடியாது. எழுத்துக்கூட்டிப் படிக்கத் தெரியாத ஒரு பாட்டிக்கு அந்தக் கைடுதான் புத்தகம். இந்த ஒரு காரணத்துக்காகவே இந்த வழக்கம் அழியக் கூடாது.

வாய்மொழி மரபைக் காப்பதும் வழிகாட்டிகள்தாம். மன்னரின் பள்ளியறைக் கூரையில் துளை போட்டு இறங்கி நகைகளைத் திருடிய திருடன், நகையைத் திருப்பிக் கொடுத்தால் மானியம் என்று மன்னர் அறிவித்தது, கொடுத்தவனுக்கு மானியத்தையும் தந்து தலையையும் எடுத்தது என்ற கதை அங்கே தலைமுறை தலைமுறையாகச் சொல்லப்படுகிறது. பிள்ளைகள் மன்னரின் பெயரை மறந்தாலும் இந்தத் திருடனை மறப்பதில்லை. வரலாற்றுக்குள் நுழைய இப்படி ஒரு வாசல் இருப்பது நல்லதே.

ஆனால் கதையும் சான்றும் ஒரே குரலில் வரும்போது சிக்கல் தொடங்குகிறது. தூணின் உயரத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். 58 அடி என்று சிலர் எழுதுகிறார்கள், 82 அடி என்று சிலர். கைடு தமக்குத் தெரிந்த எண்ணை அடித்துச் சொல்வார். பிள்ளைகள் நோட்டில் குறித்துக்கொள்வார்கள். விட்டம் 5 அடி என்றால் சுற்றளவு 16 அடிக்குச் சற்றுக் குறைவு. எத்தனை பிள்ளைகள் கைகோத்தால் தூணை வளைக்கலாம் என்று மனக்கணக்காகக் கேட்டிருந்தால், அந்த எண்ணுக்கு உயிர் வந்திருக்கும். மகாலின் ஒலி-ஒளிக் காட்சியில் சிலப்பதிகாரக் கதையும் சேர்க்கப்பட்டது. கண்ணகி வழக்குரைத்த பாண்டியன் அவைக்கும் 17-ஆம் நூற்றாண்டு நாயக்கர் முற்றத்துக்கும் இடையே ஆயிரம் ஆண்டுகளுக்கு மேல் உண்டு. அதை அழுத்திச் சொல்லாவிட்டால், சிலம்பு உடைந்தது இந்த முற்றத்தில்தான் என்ற நினைப்போடு பிள்ளை வீடு திரும்பும்.

இவற்றைக்கூடப் பொறுத்துக்கொள்ளலாம். பொறுக்க முடியாத கதை வேறொன்று உண்டு. திருமலை நாயக்கர் கிறிஸ்தவத்தின் பக்கம் சாய்ந்தார், அதனால் கோயிலைச் சேர்ந்தவர்கள் அவரை நிலவறைக்கு அழைத்துச்சென்று அடைத்துக் கொன்றார்கள் என்று 19-ஆம் நூற்றாண்டு நூல்களிலேயே பதிவான கதை அது. வரலாற்றாசிரியர்கள் இதை ஏற்பதில்லை. மன்னர் மனம் மாறியிருந்தால் அதை முதலில் ஐரோப்பாவுக்கு எழுதி மகிழ்ந்திருக்கக்கூடியவர்கள் அன்றைய இயேசு சபைக் குருக்கள்தாம் என்ற எளிய தர்க்கமே இதை உடைக்கப் போதும். இந்துக்களும் கிறிஸ்தவர்களும் அக்கம்பக்கமாக வாழும் ஊரிலிருந்து வந்த ஒரு கூட்டத்தில் இந்தக் கதையை உண்மை போலச் சொன்னால், ஒரு பக்கத்தார் மனதில் பொய்யான பெருமையும் மறுபக்கத்தார் மனதில் பொய்யான பழியும் தங்கிவிடும். கதையைச் சொல்லக் கூடாது என்று நான் சொல்லவில்லை. "இப்படி ஒரு கதை உண்டு, இதற்குச் சான்று இல்லை" என்ற ஒரு வரியைச் சேர்த்துச் சொல்ல வேண்டும். வழிகாட்டியின் நேர்மை அந்த ஒரு வரியில் இருக்கிறது.

இனி, சொல்லாமல் விடுவது. மகால் என்றால் மன்னர் காலம் மட்டும் என்று முடித்துவிடுகிறார்கள். இன்று நாம் பார்ப்பது மூல அரண்மனையில் ஏறத்தாழ நான்கில் ஒரு பங்குதான் என்பார்கள். திருமலை நாயக்கரின் பேரன் சொக்கநாத நாயக்கர் தலைநகரைத் திருச்சிக்கு மாற்றியபோது இங்கிருந்து பலவற்றைப் பெயர்த்துச் சென்றார் என்பது வழிவழியாக வரும் செய்தி. பாழடைந்து கிடந்ததை 1866 முதல் 1872 வரை சென்னை ஆளுநராக இருந்த நேப்பியர் பிரபு செப்பனிடச் செய்தார்; கட்டடக் கலைஞர் சிஷோம் அந்தப் பணியில் ஈடுபட்டார். ஆகவே நம் கண் பார்ப்பது 17-ஆம் நூற்றாண்டும் 19-ஆம் நூற்றாண்டும் கலந்த ஒன்று. 'பம்பாய்' படத்தின் 'கண்ணாளனே' பாட்டு எடுத்த இடம் எது என்று காட்டத் தெரிந்த கைடு, நேப்பியர் காலப் பழுதுபார்ப்பு எது என்றும் காட்டலாம்.

இன்னொன்று நம் கம்பம் பள்ளத்தாக்குக்கு நெருக்கமானது. 1970 வரை இந்த மகாலில் மாவட்ட நீதிமன்றம் இயங்கியது. தேனி தனி மாவட்டமானது 1996-ல்தான்; அதுவரை கம்பம் பள்ளத்தாக்கு மதுரை மாவட்டத்தைச் சேர்ந்தது. நம் தாத்தாக்களின் தலைமுறை இந்தத் தூண்களுக்கு அடியில் நின்றது நிலத் தகராறுக்கும் வாய்தாவுக்கும். அதற்கும் முன்னால் போடிநாயக்கனூர், கோம்பை, எரசக்கநாயக்கனூர் போன்ற பாளையங்கள் மதுரை நாயக்கர் ஆட்சி முறையில் அடங்கியிருந்தன. வரியும் படையும் அங்கிருந்து மதுரைக்குப் போயின. ராயப்பன்பட்டியிலிருந்து வந்த பிள்ளையிடம், "உன் ஊர்ப்பக்கத்து விளைச்சலில் ஒரு பங்கு இந்த அரசுக்கு வந்தது" என்று சொன்னால் போதும், அந்தத் தூண்கள் அதற்குச் சொந்தச் செய்தியாகிவிடும். அரண்மனையின் ஆடம்பரத்துக்கு விலை கொடுத்தவர்களைப் பற்றிப் பேச்சே இல்லாமல் ஆடம்பரத்தை மட்டும் வியக்க வைப்பது இந்த வழக்கத்தின் பெரிய குறை.

பேராலயத்தில் நிலைமை நேர்மாறு. அங்கே தவறாகச் சொல்வாரும் இல்லை, சரியாகச் சொல்வாரும் இல்லை. இதற்கு நியாயமான காரணம் உண்டு. அது வழிபாடு நடக்கும் இடம். பூசை நேரத்தில் ஒருவர் கையை நீட்டிச் சுவரையும் வளைவையும் விளக்கிக்கொண்டிருந்தால், முழங்காலில் இருப்பவருக்கு அது தொந்தரவு. தங்கள் ஊரிலேயே பனிமய மாதா ஆலயத்தில் வளர்ந்த ராயப்பன்பட்டிக்காரர்களுக்கு இதைச் சொல்லித்தர வேண்டியதில்லை. ஆனால் கூட வந்திருக்கும் பிற மதத்துப் பிள்ளையின் நிலையை யோசிக்க வேண்டும். செருப்பை எங்கே விடுவது, எதுவரை போகலாம், நற்கருணைப் பேழைக்கு அருகே ஏன் விளக்கு எரிகிறது என்று எதுவும் தெரியாமல் அது வாசலோரம் தயங்கி நிற்கும். கிறிஸ்தவப் பிள்ளைக்கும் தெரிவது ஜெபம் மட்டும், வரலாறு தெரியாது. 1773-ல் கலைக்கப்பட்ட இயேசு சபை மீண்டும் உயிர்பெற்று, 1838-ஐ ஒட்டி மதுரைக்குத் திரும்பியதும், 1840-களில் இந்த இடத்தில் முதல் ஆலயம் எழுந்ததும், 1938-ல் மதுரை தனி மறைமாவட்டமாகி, 1953-ல் உயர்மறைமாவட்டமானதும், தன் ஊர்ப் பங்கு அதன் கீழ் இருப்பதும் அந்தப் பிள்ளைக்குச் சொல்லப்பட வேண்டியவை.

இரண்டு கட்டடத்துக்கும் இடையே உள்ள தெருக்கள்தான் இந்தச் சுற்றுலா முழுவதிலும் வளமான பாடம். அதை வேனில் உட்கார்ந்தபடி கடந்துவிடுகிறோம். சற்றுச் சுற்றி நடந்தால், ஜவுளிக் கடைகளுக்கு நடுவே பழைய அரண்மனையின் மிச்சமாகப் பத்துத்தூண் நிற்கிறது. அருகே விளக்குத்தூண், 1830-களிலும் 40-களிலும் மதுரைக் கலெக்டராக இருந்த பிளாக்பர்னின் நினைவாக எழுந்தது. கோட்டைச் சுவரை இடித்து, அகழியைத் தூர்த்து, வெளிவீதிகளை உண்டாக்கியவர் அவர். அந்த வேலையைப் பார்த்தவர்களின் பெயர்களே மாரட் வீதி, பெருமாள் மேஸ்திரி வீதி என்று இன்றும் வழங்குகின்றன. கோட்டை போன பிறகு உண்டான கீழவெளி வீதியில்தான் பேராலயம் நிற்கிறது. ஓர் அரசு சரிந்து இன்னோர் அரசு வந்ததையும், அதன் நிழலில் மிஷன் திரும்ப வந்ததையும் இந்தக் குறுகிய நடை கண்ணெதிரே காட்டிவிடும்.

இன்னும் ஆழமான இணைப்பும் உண்டு. 1606-ல் மதுரைக்கு வந்த இயேசு சபைக் குரு ராபர்ட் தே நொபிலி காவியுடுத்தித் தத்துவ போதகர் என்ற பெயரோடு வாழ்ந்தார். அவருடைய முறையை ரோம் ஏற்ற 1623-ஆம் ஆண்டில்தான் திருமலை நாயக்கர் அரியணை ஏறினார். 1656-ல் நொபிலியும், 1659-ல் மன்னரும் மறைந்தார்கள். மகாலைக் கட்டிய மன்னரைப் பற்றி நமக்குத் தெரிந்ததில் கணிசமான பகுதி அந்தச் சபைக் குருக்கள் எழுதிய கடிதங்களிலிருந்து வந்தது. சத்தியநாத ஐயர் 1924-ல் வெளியிட்ட மதுரை நாயக்கர் வரலாறு அவற்றை விரிவாகப் பயன்படுத்துகிறது. ஆக, அரண்மனையின் வரலாறு பாதி ஆலயத்தாரின் பேழையில் இருந்திருக்கிறது. இதைச் சொல்லும்போது சங்கடமானதையும் சேர்த்தே சொல்ல வேண்டும்: உயர்சாதிக்குப் பிராமண சந்நியாசி, மற்றவர்க்குப் பண்டாரசாமி என்று மிஷன் சாதிப்படி பிரிந்து இயங்கியது. அந்தப் பிரிவின் வடு நம் பங்குகளில் நீண்ட காலம் இருந்தது. பெருமையை மட்டும் சொல்லும் சுற்றுலா பிள்ளைகளை ஏமாற்றுகிறது.

பிற இடங்களில் எப்படிச் செய்கிறார்கள் என்று பார்ப்பதும் பயன் தரும். குமரி மாவட்டத்தில் இருந்தாலும் கேரளத் தொல்லியல் துறையின் பொறுப்பில் உள்ள பத்மநாபபுரம் அரண்மனையில், ஆங்காங்கே நிற்கும் ஊழியர்களே அந்தந்தப் பகுதியை விளக்குகிறார்கள். டிப்ஸை நம்பிக் கதையை வளர்க்க வேண்டிய நிலை அங்கே குறைவு. ஆனால் அறைக்கொரு குரல் என்பதால் முழுக் கதை கோவையாக வராது. போலந்தின் கிராக்கோவில் வாவெல் குன்றின்மேல் அரண்மனையும் பேராலயமும் அடுத்தடுத்து நிற்கின்றன. அரண்மனைக்குள் ஒரு நாளில் இத்தனை பேர், இந்த நேரத்துக்கு இவர்கள் என்று டிக்கெட்டிலேயே வரம்பு உண்டு. மன்னர்கள் முடிசூடியதும் புதைக்கப்பட்டதும் அந்தப் பேராலயத்திலேயே என்பதால், இரண்டுக்கும் உள்ள உறவை யாரும் தனியாக விளக்க வேண்டியதில்லை. மதுரையில் மன்னர் வேறு நெறி, மிஷன் வேறு நெறி. உறவு கண்ணுக்குத் தெரியாது. அதனால்தான் வாவெலைவிட இங்கே நல்ல வழிகாட்டி கூடுதலாகத் தேவைப்படுகிறார்.

குறையை எல்லாம் கைடின் தலையில் கட்டுவது நியாயமாகாது. கையில் கிடைப்பதை வைத்துப் பிழைப்பவர் அடுத்த பார்ட்டியைப் பிடிக்க அவசரப்படத்தான் செய்வார். பேரம் பேசிக் கூலியைக் குறைத்து, அரை மணி நேரத்தில் முடியுங்கள் என்று விரட்டுவது நாம்தான். பேரம் பேசாமல் நியாயமான தொகையை முதலிலேயே பேசிக் கொடுக்க வேண்டும். எது சான்று, எது மரபு, எது கதை என்று பிரித்துச் சொல்லும்படி கேட்க வேண்டும். பேராலயத்தில் பூசை இல்லாத நேரத்தைப் பங்கு அலுவலகத்தில் கேட்டறிந்து, கூட வரும் ஆசிரியரோ அருட்சகோதரியோ வாசலில் வைத்தே விளக்கிவிட்டு, உள்ளே அமைதியாக அழைத்துச் செல்லலாம். இரண்டுக்கும் இடையே வேனை அனுப்பிவிட்டு நடக்கலாம். புறப்படும் முன் ஊரிலேயே பெரியவர்களிடம், "மதுரைக் கோர்ட்டுக்குப் போனதுண்டா?" என்று பிள்ளைகள் கேட்டு எழுதி வந்தால், மகாலில் கைடுக்கே சொல்ல அவர்களிடம் செய்தி இருக்கும்.

கேட்கிற கூட்டம் மாறினால் சொல்கிற கைடும் மாறுவார். இதற்கு அரசாணை தேவையில்லை. அடுத்த சுற்றுலாவுக்குப் பெயர் எழுதும் ஆசிரியர் மனம் வைத்தால் போதும்.