படச்சுருள் தேடிய தமிழர்

செய்திப் படத்தைக் காண்போர் அதனை எடுத்தவரைப் போற்றுவர். பழைய சுருள்களைத் தேடிக் கொணர்ந்தவரை நினைப்பார் அரியர். அத்தேட்டத்திற்கென இளமையில் மூன்றாண்டுகளை ஈந்த தமிழர் ஏ.கே. செட்டியார். 'குமரி மலர்' இதழில் அவர் எழுதியவற்றை ஆ.இரா. வேங்கடாசலபதி 'அண்ணல் அடிச்சுவட்டில்' என்னும் நூலாகத் தொகுத்துள்ளார். கோலசிலாங்கூர்த் தோட்டப்புற ஆசிரியர்கள் அதனைப் படித்தல் வேண்டும். காரணத்தைப் பின்னர்க் கூறுவேன்.

1937 அக்டோபர் 2 அன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளின் செல்லும் கப்பலில், காந்தியடிகளின் வாழ்வைப் படமாக்கும் எண்ணம் அவருக்குத் தோன்றியது. அப்போது வயது இருபத்தைந்து. ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் அலைந்து, பற்பலர் எடுத்து வைத்திருந்த 50,000 அடிப் படச்சுருளைச் சேர்த்தார். 1940-இல் வெளிவந்த தமிழ்ப் படம் 12,000 அடியே. நிமிடத்திற்குத் தொண்ணூறு அடியாக ஓடினால் அது இரண்டேகால் மணிக்குச் சற்றே குறையும். கிடைத்ததில் நான்கில் மூன்று பங்கை விலக்க மனம் துணிந்ததே, அதுவே தேடுவோனுக்கு உரிய பெருந்திறன் என்பேன். தம் பெருமை பேசாத அவர் நடையும் அத்தகையதே.

தமிழ்ப் படம் இன்று முழுமையாகக் கிடைக்கவில்லை. பின்னாளில் கண்டெடுக்கப்பட்டது 1953-இல் அமெரிக்காவில் உருவான ஆங்கில வடிவம். அதனைக் கண்டு செட்டியாரின் தமிழ்ப் படத்தை எடைபோடுவது பொருந்தாது. உலகெங்கும் சுருள் தேடியவரின் சுருளையே பிறர் தேட நேர்ந்தது!

இனி நம் வட்டாரம். 1946-இல் தோன்றிய மலாயாப் படப்பிரிவு அரசாங்கத்தின் விளம்பரத்திற்காக அமைந்தது. அத்தகைய படங்களில் பால்மரம் சீவுபவர் ஒரு தொழிலின் அடையாளமாக வருவாரேயன்றிப் பெயருள்ள மனிதராக வருவதரிது. பெட்டியின்மேல் 'ரப்பர்' என்று மட்டும் எழுதியிருப்பின், அது ஈஜோக்கா, புக்கிட் ரோத்தானா, பத்தாங் பெர்ஜுந்தையா என்று சொல்ல வல்லார் யார்? கோயிலின் அமைப்பு, லயத்தின் கூரை, பெரட்டுக் களத்தின் மரம் ஆகியவற்றைக் கண்டவுடன் இன்ன தோட்டம் என்று சொல்லும் முதியவர்தாம். பெர்ஜுந்தை 2007-இல் பெஸ்தாரி ஜெயா ஆயிற்று. ரப்பர் நின்ற இடங்களில் செம்பனை நிற்கிறது. பெயரும் மரமும் மாறிய ஊரைப் படத்தில் அடையாளம் காண்பது ஆவணச்சாலை அலுவலரால் மட்டும் ஆகக்கூடியதன்று.

சயாம் மரண ரயில் பாதைக்கு மலாயாத் தோட்டங்களிலிருந்து கொண்டுசெல்லப்பட்ட தமிழரைப் பற்றிப் படம் எடுப்போர்க்குத் தொல்லை இன்னும் பெரிது. வெள்ளையப் போர்க்கைதிகளின் படங்களைக் காட்டி, அதன்மேல் தமிழரின் துயரத்தைச் சொல்லிவிடுதல் எளிது. பார்ப்போரும் கண்ணீர் விடுவர். ஆயினும் திரையில் தெரிபவர் நம் பாட்டனார் அல்லர். அவ்விடத்தில் திரையை வெறுமையாக விட்டு, உயிர் பிழைத்தோர் சொல்லிச் சென்றதை மட்டும் கேட்கச் செய்வதே நேர்மை.

ஆசிரியர்களிடம் தீமிதிப் படங்களும் பள்ளி விழாப் படங்களும் இருக்கும். முதியவர் ஒருவரை அருகில் அமர்த்திக்கொண்டு, பின்புறத்தில் தோட்டத்தின் பெயரையும் ஆண்டையும் மென்மையான பென்சிலால் எழுதிவைக்கலாம். மை ஊறிவிடும்.