பாலசுந்தரத்துக்குக் கிடைத்த நீதி

காந்தியடிகளின் ‘சத்திய சோதனை’யை நான் முதன்முதலில் படித்தது, அகமதாபாத்துக்குப் பிழைக்க வந்த புதிதில், கடையில் ஜவுளி மூட்டைமேல் உட்கார்ந்து. அப்புறம் எத்தனையோ தடவை புரட்டியாகிவிட்டது. இரண்டாம் பாகத்திலுள்ள பாலசுந்தரம் அத்தியாயம் மட்டும் இன்னும் எனக்குச் செரிக்கவில்லை.

மேடைகளில் அதைச் சொல்கிறவர்கள் தலைத்துணியைப் பற்றித்தான் சொல்வார்கள். 1890-களின் நடுவில், தென்னாப்பிரிக்க டர்பன் நகரில், எஜமானன் அடித்து முன்பற்கள் இரண்டு உடைந்து, தலைத்துணியைக் கையில் பிடித்தபடி ஓர் ஒப்பந்தக் கூலித் தமிழர் இளம் வக்கீல் காந்தியின் முன் வந்து அழுகிறார். துணியைத் தலையில் கட்டிக்கொள்ளும்படி காந்தி சொல்கிறார். கண் கலங்கும் இடம்தான். ஆனால் என்னை உறுத்துவது அதையடுத்து வரும் சட்ட விவகாரம்.

சாதாரண வேலைக்காரன் சொல்லாமல் வேலையை விட்டால் எஜமானன் சிவில் வழக்குத்தான் போடலாம். ஒப்பந்தக் கூலி விட்டால் அது குற்றம், சிறை. ஆகவே காந்தி அடித்தவனிடமே போய், தண்டனை வாங்கித் தருவது என் நோக்கமில்லை, ஆளை வேறிடத்துக்கு மாற்றிக் கொடுத்தால் போதும் என்கிறார். அவனும் இசைகிறான். இந்தியர் ஒப்பந்தக் கூலி வைத்துக்கொள்ள முடியாதாகையால் புது எஜமானனும் வெள்ளைக்காரனாகவே இருக்கவேண்டும். அவனையும் காந்தியே தேடிப் பிடிக்கிறார்.

வியாபாரி புத்தியில் எனக்குத் தோன்றுவது இது: பேரேட்டில் ஒரு பக்கத்துப் பற்றை இன்னொரு பக்கத்துக்குத் தள்ளியாயிற்று. பற்று அடைபடவில்லை. காந்தி இதை மறைக்கவில்லை. அந்த முறை கிட்டத்தட்ட அடிமைத்தனமே என்று ஒப்புக்கொள்கிறார். ஆனாலும் அவசரமாகக் கடந்துபோய்விடுகிறார். எழுத்தின் குறை என்று நான் சொல்வது அதைத்தான். அப்போது அவருக்கு வேறு வழி இருந்ததா என்று கேட்டால், இல்லை என்றுதான் நானும் சொல்வேன்.

1909-இல் கப்பலில் எழுதிய ‘இந்து சுயராஜ்ய’த்தில் வக்கீல்களை வெளுத்து வாங்குகிறார். சண்டையை வளர்க்கிறார்கள், ஆங்கிலேயர் பிடியை இறுக்குகிறார்கள் என்கிறார். முதல் குற்றச்சாட்டு பாலசுந்தரம் வழக்குக்குப் பொருந்தாது. அங்கே வக்கீல் சண்டையை வளர்க்கவில்லை, சமாதானமே பேசினார். இரண்டாவது பொருந்தும். நல்ல மனதோடு கெட்ட சட்டத்தை நடத்திவைக்கும் வக்கீலுக்கு என்ன கணக்கு? அந்த நூலில் அதற்கு எனக்கு விடை கிடைக்கவில்லை. எங்கள் சமணத்தில் செய்தல், செய்வித்தல், உடன்படுதல் மூன்றுக்குமே வினை உண்டு என்பார்கள். இந்த மூன்றாவதைத்தான் நான் தேடுகிறேன்.

விடை 1922 மார்ச் 18-ஆம் தேதி, இதே அகமதாபாத்தில், ஷாகிபாக்கில் நடந்த ராஜதுரோக வழக்கில் வருகிறது. தன் தொழில் விவசாயம், நெசவு என்கிறார் முன்னாள் பாரிஸ்டர். நீதிபதி புரூம்ஃபீல்டைப் பார்த்து, இந்தச் சட்டம் தீமை என்று நினைத்தால் பதவியை விடுங்கள், நல்லது என்று நினைத்தால் எனக்கு முழுத் தண்டனை கொடுங்கள் என்கிறார். நடுவில் நிற்க இடமில்லை! ஆறு ஆண்டுச் சிறை கிடைத்தது. அந்த நவம்பரில் லண்டன் இன்னர் டெம்பிள் அவரைப் பட்டியலிலிருந்து நீக்கியது. மறுபடி சேர்த்துக்கொண்டது 1988-இல்தான்.

‘சத்திய சோதனை’ இதற்குப் பின் எழுதப்பட்டது. நீதிபதியிடம் கேட்டதை டர்பன் வக்கீலிடமும் ஒரு வரி கேட்டிருக்கலாமே என்ற ஆதங்கம் எனக்கு உண்டு. பாலசுந்தரத்தை ஏற்றுக்கொண்ட அந்தப் புது எஜமானனின் பெயர்கூட அந்த அத்தியாயத்தில் இல்லை. அவன் அடித்தானா, அடிக்கவில்லையா, அதுவும் இல்லை.